தற்காப்புப் பயிற்சியும் கைக்கருவியும் உண்மையிலேயே பாதுகாப்பைக் கூட்டுகின்றனவா?

பதிவு 1 | நெய்தல்

என் மகள் விரைவில் இரவு நேரப் பணியில் சேர இருக்கிறாள். வீட்டில் இந்தப் பேச்சு எழுந்ததிலிருந்து ஆளுக்கொரு யோசனை சொல்கிறார்கள். கைப்பையில் ஒரு பெப்பர் ஸ்பிரே இருந்தால் போதும் என்கிறார் அவளுடைய சித்தப்பா. அதெல்லாம் ஆபத்து நேரத்தில் கைக்கு வராது, முறையாகத் தற்காப்புக் கலை கற்றுக்கொள்ளட்டும் என்கிறாள் அவளுடைய அக்கா. இரண்டுமே வீண், அரைகுறையாகக் கற்றுக்கொண்டு எதிர்த்து நிற்கப்போய் அடிதான் கூடுதலாக விழும் என்று அஞ்சுகிறார் என் மாமியார். மூன்று பேச்சிலும் கொஞ்சம் நியாயம் இருப்பதாகவே எனக்குத் தோன்றுகிறது. விளம்பரங்களைப் படித்துச் சலித்துவிட்டேன். பயிற்சியோ கருவியோ ஒருவருடைய பாதுகாப்பை உண்மையாகவே கூட்டுகிறதா, கூட்டும் என்றால் எந்த வகைப் பயிற்சி, எந்த அளவுக்கு என்பதை விவரம் அறிந்தவர்கள் சொன்னால் நன்றியுடையவளாக இருப்பேன்.

பதிவு 2 | எண்கணக்கன்

உங்கள் மாமியாரின் அச்சத்திலிருந்தே தொடங்குகிறேன், ஏனெனில் அது பலருக்கும் உள்ள அச்சம். பாலியல் தாக்குதலின்போது பெண்கள் என்ன செய்தார்கள், பிறகு என்ன ஆயிற்று என்பதைப் பல ஆண்டுகளாக ஆராய்ந்திருக்கிறார்கள். கத்துவது, தள்ளுவது, அடிப்பது, ஓடுவது போன்ற உறுதியான எதிர்ப்பு, தாக்குதல் முழுமையாக நிறைவேறாமல் போவதோடு தொடர்புடையதாகவே தொடர்ந்து தெரியவந்துள்ளது. கெஞ்சுவதும் அழுவதும் அந்த அளவுக்குப் பலன் தரவில்லை. எதிர்த்தவர்களுக்குக் காயம் அதிகம் என்ற எண்ணம் எழுவதற்கும் காரணம் உண்டு: பல நேரங்களில் அடி விழுந்த பிறகுதான் ஒருவர் எதிர்க்கவே தொடங்குகிறார். எது முன், எது பின் என்று பிரித்துப் பார்த்தால் எதிர்ப்பினால் காயம் கூடுகிறது என்ற வாதம் பெரும்பாலும் நிற்பதில்லை.

பயிற்சியைப் பொறுத்தவரை என் கண்ணில் வலுவான சான்று கனடாவிலிருந்து வந்தது. சார்லீன் சென் தலைமையிலான குழு மூன்று பல்கலைக்கழகங்களில் முதலாண்டு மாணவியர் 893 பேரைக் குலுக்கல் முறையில் இரண்டாகப் பிரித்தது. ஒரு பிரிவினருக்கு மும்மூன்று மணி நேரமாக நான்கு அமர்வுகள் கொண்ட பயிற்சியும், மற்றப் பிரிவினருக்கு வழக்கமான கையேடுகளும் கொடுக்கப்பட்டன. ஓராண்டு கழித்துப் பார்த்தபோது, வன்புணர்வுக்கு ஆளானவர்களின் விகிதம் கையேடு பெற்றவர்களிடையே 9.8 விழுக்காடாகவும் பயிற்சி பெற்றவர்களிடையே 5.2 விழுக்காடாகவும் இருந்தது. வன்புணர்வு முயற்சிக்கு ஆளானவர்களின் விகிதம் கையேடு பெற்றவர்களிடையே 9.3 விழுக்காடாகவும் பயிற்சி பெற்றவர்களிடையே 3.4 விழுக்காடாகவும் இருந்தது. 2015-இல் இந்த முடிவுகள் ஒரு முன்னணி மருத்துவ ஆய்விதழில் வெளியாயின. மொத்தம் பன்னிரண்டு மணி நேரப் பயிற்சிதான் என்பதை எண்ணிப் பாருங்கள். ஆபத்து அடியோடு நீங்கிவிடவில்லை. ஆனால் இத்தனை சிறிய முயற்சிக்கு இவ்வளவு பெரிய பலன் தரும் தடுப்பு முறைகள் இத்துறையில் மிகவும் அரிது.

பதிவு 3 | தடுப்பாட்டம்

பல்லாண்டுகளாகத் தற்காப்புப் பயிற்சி அளித்து வருபவன் என்ற முறையில், எண்கணக்கன் சொன்ன ஆய்வில் ஒரு நுட்பத்தை எடுத்துக்காட்ட வேண்டும். அந்த நான்கு அமர்வுகளில் உடலால் எதிர்க்கும் பயிற்சி வருவது ஒரே ஒரு அமர்வில்தான். முதல் அமர்வு, பழகியவர்களிடமிருந்து வரும் ஆபத்தின் அடையாளங்களைக் கண்டுகொள்வது பற்றியது. அடுத்தது, கண்டுகொண்ட ஆபத்தை ஆபத்தென்று மனம் ஒப்புக்கொள்ளத் தடையாக இருக்கும் கூச்சம், தயக்கம், உறவு கெட்டுவிடுமோ என்ற பயம் ஆகியவற்றைக் கடப்பது பற்றியது. பிறகுதான் குரலாலும் கையாலும் எதிர்ப்பது. கடைசி அமர்வு, உறவில் தனக்கு எது வேண்டும், எது வேண்டாம் என்பதைத் தானே தெளிந்து சொல்லக் கற்பது.

சந்தையில் கிடைக்கும் பயிற்சிகளில் பெரும்பாலானவை இந்த மூன்றாவது பகுதியின் ஒரு துண்டை மட்டும் எடுத்துக்கொண்டு, முன்பின் தெரியாத ஒருவன் இருட்டில் பின்னாலிருந்து பாய்வதாக வைத்துக்கொண்டு பாடம் நடத்துகின்றன. மணிக்கட்டைப் பிடித்தால் எப்படி விடுவித்துக்கொள்வது என்று கற்பிப்பார்கள். கற்க வேண்டியதுதான். பிடித்திருப்பவனின் கட்டைவிரலும் மற்ற விரல்களும் சந்திக்கும் இடைவெளியே பிடியின் பலவீனமான இடம். உங்கள் முன்கையின் ஒல்லியான விளிம்பு அந்த இடைவெளியை நோக்கும்படி திருப்பி, முழங்கையை மடக்கியபடி உடலோடு சேர்த்துச் சட்டென்று இழுத்தால் பெரும்பாலும் கை விடுபட்டுவிடும். ஆனால் ஒத்துழைக்கும் தோழியிடம் இதை நூறு முறை செய்து பழகியவர், உண்மையாகவே விடக்கூடாது என்று இறுக்கிப் பிடிக்கும் ஒருவரிடம் முதல்முறை செய்யும்போது திகைத்துப்போவார். கானோ ஜிகோரோ 1882-இல் ஜூடோவைத் தொடங்கியபோது, ஒத்துழைக்காத எதிராளியோடு தடையின்றி மோதிப் பழகுவதைப் பயிற்சியின் நடுவே வைத்தார். அந்த ஒன்று இல்லாத பயிற்சியை நான் தற்காப்புப் பயிற்சி என்று ஏற்பதில்லை.

கைமுட்டியை மடக்கி முகத்தில் குத்தும்படி சொல்லிக் கொடுப்பவர்களைக் கண்டால் எச்சரிக்கையாக இருங்கள். பழகாத கை தாடை எலும்பிலோ நெற்றியிலோ மோதினால், சுண்டுவிரலுக்குக் கீழே உள்ள உள்ளங்கை எலும்பு முறிவது மிகச் சாதாரணமாக நடக்கிறது. உள்ளங்கையின் அடிப்பகுதியால் மூக்கையோ மோவாயையோ கீழிருந்து மேலாகத் தாக்குவது, முழங்கை, முழங்கால், காலை ஓங்கி மிதிப்பது ஆகியவை பழகாதவருக்கும் கைகொடுக்கும். விரல்களுக்கு இடையே சாவிகளைச் செருகிக்கொண்டு குத்தும்படி இணையத்தில் பரவும் அறிவுரையைக் கைவிட்டுவிடுங்கள். மோதும்போது சாவி பக்கவாட்டில் திரும்பி உங்கள் விரலைத்தான் கிழிக்கும்.

பதிவு 4 | பாய்மரம்

இவ்வளவு எதற்கு? ஓடிவிடுவதே சிறந்த தற்காப்பு. உடல் நலம் உள்ளவர்கள் தினமும் ஓடிப் பழகினாலே போதும் என்பது என் கருத்து.

பதிவு 5 | செங்காந்தள்

பாய்மரம் அவர்களே, தெருவில் அது சரி. தன் வீட்டுப் படுக்கையறையிலிருந்து ஒருத்தி எங்கே ஓடுவாள்?

வன்முறைக்கு ஆளான பெண்கள் அழைக்கும் உதவி எண்ணில் நான் பணியாற்றுகிறேன். இந்த இழையில் இதுவரை நல்ல செய்திகள் வந்திருந்தாலும் எனக்குக் கவலையாகவே இருக்கிறது. உலக சுகாதார நிறுவனத்தின் மதிப்பீட்டின்படி, உலகப் பெண்களில் ஏறத்தாழ மூவரில் ஒருவர் வாழ்நாளில் உடல்வழி வன்முறைக்கோ பாலியல் வன்முறைக்கோ ஆளாகிறார், அவற்றுள் பெரும்பகுதி கணவராலோ துணைவராலோ நேர்கிறது. தொலைபேசியில் நான் கேட்கும் குரல்களில் இருட்டுச் சந்தில் பாய்ந்தவன் மிக அரிதாகவே வருகிறான். வருபவன் மைத்துனன், மேலாளர், முன்னாள் காதலன், குடும்ப நண்பர். அவன்மேல் யாராவது பெப்பர் ஸ்பிரே அடிப்பார்களா? அடித்தால் அதற்கு மறுநாள் அந்த வீட்டில் அவளுடைய நிலைமை என்ன?

இன்னொன்றையும் மனம் வருந்திச் சொல்கிறேன். தற்காப்புப் பயிற்சி பரவப் பரவ, "நீ ஏன் தடுக்கவில்லை" என்ற கேள்வியும் கூடவே பரவுகிறது. ஸ்டாக்ஹோமில் வன்புணர்வுக்குப் பின் அவசர சிகிச்சைக்கு வந்த 298 பெண்களிடம் 2017-இல் வெளியான ஓர் ஆய்வுக்காகக் கேட்டபோது, 70 விழுக்காட்டினர் தாக்குதலின்போது குறிப்பிடத்தக்க அளவுக்கு உடல் உறைந்துபோனதாகவும், 48 விழுக்காட்டினர் மிகக் கடுமையாக உறைந்துபோனதாகவும் கூறினார்கள். கையும் காலும் அசையாது, குரல் எழாது. இது உடல் தானாகச் செய்வது, கோழைத்தனமோ சம்மதமோ ஆகாது. அவ்வாறு உறைந்துபோனவர்கள் பின்னாளில் மன உளைச்சலுக்கும் மனச்சோர்வுக்கும் ஆளாவது அதிகம் என்றும் அதே ஆய்வு கண்டது. பயிற்சி பெற்றும் உறைந்துபோன ஒருத்தி, பயிற்சி பெறாதவளைவிடக் கூடுதலாகத் தன்னையே நொந்துகொள்வதை நான் கேட்டிருக்கிறேன். அந்தப் பாரத்தை அவள் தலையில் ஏற்றாத பயிற்சி ஏதாவது உண்டா என்பதுதான் என் கேள்வி.

பதிவு 6 | எண்கணக்கன்

செங்காந்தள் அவர்களின் கேள்வி இந்த இழையின் மையத்தைத் தொடுகிறது. குற்றத்தின் பொறுப்பு முழுவதும் குற்றம் செய்தவனுடையது என்பதை முதலிலேயே வாய்விட்டுச் சொல்லிக் கற்பிக்கும் பயிற்சி, இந்தப் பாரத்தைக் கூட்டாமல் குறைக்கவே செய்கிறது. கனடாவின் அந்தப் பயிற்சி அப்படித்தான் வடிவமைக்கப்பட்டது. பழகியவர்களிடமிருந்து வரும் ஆபத்தையே அது தன் முதன்மைப் பொருளாகவும் எடுத்துக்கொண்டது. அதன் பலன் இரண்டு ஆண்டுகள் வரை நீடித்ததாக 2017-இல் அதே குழு தெரிவித்தது. ஆனால் அதில் பங்கேற்றவர்கள் பல்கலைக்கழக மாணவியர். கணவனோடு ஒரே கூரையின்கீழ், பொருளாதாரத்தில் அவனையே சார்ந்திருக்கும் பெண்ணுக்கும் அதே பலன் கிட்டும் என்று அந்த எண்களை வைத்துச் சொல்லிவிட முடியாது. அங்கே தேவைப்படுவது வெளியேறும் திட்டம், தங்குமிடம், சட்ட உதவி. அதில் உங்களோடு முழுமையாக உடன்படுகிறேன்.

தெருவைப் பற்றியும் ஒரு சொல். ஒருவர் தாக்கப்பட்டால் சுற்றியிருப்பவர்கள் வேடிக்கைதான் பார்ப்பார்கள் என்று நம்பிக்கொண்டு, பலர் குரல் எழுப்புவதையே வீண் என்று நினைக்கிறார்கள். ஆம்ஸ்டர்டாம், கேப் டவுன், லங்காஸ்டர் ஆகிய மூன்று நகரங்களில் பொது இடச் சச்சரவுகள் பதிவான 219 கண்காணிப்புக் கேமராக் காட்சிகளை ஆராய்ந்து 2019-இல் வெளியிட்டார்கள். பத்தில் ஒன்பது நிகழ்வுகளில் குறைந்தது ஒருவராவது குறுக்கிட்டிருக்கிறார். ஆகவே கத்துவதில் பொருள் இருக்கிறது.

பதிவு 7 | கைவிளக்கு

அவசர சிகிச்சைப் பிரிவில் செவிலியாக இருக்கிறேன். பெப்பர் ஸ்பிரே பற்றி நெய்தல் அம்மா நேரடியாகக் கேட்டதால், அதைச் சற்று விரிவாகவே எழுதுகிறேன்.

அதில் இருப்பது மிளகாயின் காரச் சாறு. அதிலுள்ள கேப்சைசின், சூட்டை உணரும் நரம்பு ஏற்பிகளைத் திறந்துவிடுவதால், உண்மையில் வெந்துபோகாத தோலும் கண்ணும் வேகிறதாகவே மூளை எடுத்துக்கொள்கிறது. அமெரிக்க அறிவியலாளர் டேவிட் ஜூலியஸ் 1997-இல் இந்த ஏற்பியை அடையாளம் கண்டார். 2021-இல் மருத்துவ நோபல் பரிசைப் பகிர்ந்துகொண்டார். கண்ணில் பட்டால் இமைகள் தாமாக மூடிக்கொள்ளும், இருமல் எடுக்கும், முகம் எரியும். பெரும்பாலோருக்கு அரை மணி முதல் முக்கால் மணி நேரத்தில் தணியத் தொடங்கும். ஆஸ்துமா உள்ளவர்களுக்கு மூச்சுத்திணறல் கடுமையாகலாம். போதையிலோ வெறியிலோ இருப்பவன் கண் மூடிய நிலையிலும் பிடித்த பிடியை விடாமல் இருக்கக்கூடும். ஆகவே அது ஆளை வீழ்த்தும் கருவி என்று எண்ண வேண்டாம். ஓடுவதற்குச் சில நொடிகளை வாங்கித் தரும், அவ்வளவுதான்.

சிகிச்சைக்கு வருபவர்களில் தன் ஸ்பிரேயால் தானே பாதிக்கப்பட்டவர்களும் உண்டு. எதிர்க்காற்றில் அடித்திருப்பார்கள், அல்லது மின்தூக்கி, கார் போன்ற அடைந்த இடத்தில் அடித்திருப்பார்கள். நீர்ப்பீய்ச்சிபோல நேராகப் பாயும் வகைக்கும் பசைபோன்ற வகைக்கும், மூடுபனியாகப் பரவும் வகையைவிடக் காற்றின் தொல்லை குறைவு. ஆனால் குறி சரியாக இருக்க வேண்டும். பொதுவாக இரண்டு மூன்று மீட்டர் தொலைவுக்குள்தான் நம்பலாம். கலத்தின் அடியில் காலாவதி நாள் அச்சிட்டிருக்கும். மருந்து வீரியம் இழக்காவிட்டாலும், அதை வெளியே தள்ளும் வாயு மெல்லக் கசிந்து அழுத்தம் குறைந்துவிடும் என்பதால், நாள் கடந்த கலம் ஆபத்தான நேரத்தில் சொட்டுச் சொட்டாக வடியும். பட்டுவிட்டால் தேய்க்கக் கூடாது. கான்டாக்ட் லென்ஸ் அணிந்திருந்தால் கழுவிய கையால் அதைக் கழற்றிவிட்டு, ஓடும் தண்ணீரில் நீண்ட நேரம் கழுவ வேண்டும்.

இன்னொரு செய்தி, பை. பெரும்பாலோர் அதைப் பையின் அடியில்தான் வைத்திருக்கிறார்கள்.

பதிவு 8 | தடுப்பாட்டம்

கைவிளக்கு அவர்கள் கடைசியில் சொன்னதைப் பிடித்துக்கொள்கிறேன். அமெரிக்கக் காவல் பயிற்றுநர் டென்னிஸ் டியூலர் 1983-இல் ஒரு கணக்கை எழுதினார். கத்தியோடு ஓடிவரும் ஒருவன் 21 அடி தொலைவை ஏறத்தாழ ஒன்றரை நொடியில் கடந்துவிடுவான். இடுப்பு உறையிலுள்ள துப்பாக்கியை உருவிச் சுடுவதற்குப் பயிற்சி பெற்ற காவலருக்கே அத்தனை நேரம் ஆகிவிடும். இப்போது பையின் ஜிப்பைத் திறந்து, பணப்பை, சார்ஜர், தண்ணீர்ப் புட்டி எல்லாவற்றையும் துழாவி, கலத்தை எடுத்து, அது எந்தப் பக்கம் நோக்கியிருக்கிறது என்று பார்த்து, பாதுகாப்பு மூடியைத் தள்ளி, அழுத்துவதற்கு ஆகும் நேரத்தை வீட்டிலேயே அளந்து பாருங்கள். பதற்றத்தில் விரல்களின் நுண்ணிய அசைவு மந்தப்பட்டுவிடும் என்பதையும் சேர்த்துக்கொள்ளுங்கள்.

ஆகவே கருவி என்றால், ஆள் நடமாட்டமற்ற இடத்தில் இறங்குவதற்கு முன்பே கையில் இருக்க வேண்டும். கட்டைவிரல் மூடியின்மேல் இருக்க வேண்டும். தண்ணீர் நிரப்பிய பயிற்சிக் கலங்கள் விற்கிறார்கள். அதை வாங்கி, பின்னோக்கி நகர்ந்துகொண்டே, "அங்கேயே நில்" என்று உரக்கச் சொல்லிக்கொண்டே அடித்துப் பழகாதவரிடம் உண்மையான கலத்தைக் கொடுப்பதில் எனக்கு உடன்பாடு இல்லை. மின்னதிர்ச்சிக் கருவிகளில் உடலில் வைத்து அழுத்த வேண்டிய வகைக்கு நான் சுத்தமாக ஆதரவு தருவதில்லை. எவனிடமிருந்து விலக வேண்டுமோ அவனை நெருங்கித் தொட வேண்டியிருக்கிறது; தடித்த ஆடை இருந்தால் பலனும் குறைகிறது. கத்தி வைத்துக்கொள்ளலாமா என்றும் கேட்பார்கள். கூடாது. பழகாதவர் கையிலிருந்து அது எளிதில் பறிபோகும்.

கையடக்க ஒலிப்பான் பற்றி யாரும் எழுதவில்லை. ஊசியை இழுத்தால் 120 டெசிபெல்லுக்கு மேல் அலறும். காற்றுத் திசை பார்க்க வேண்டாம், குறி பார்க்க வேண்டாம், யாருக்கும் காயமில்லை, பறித்தாலும் உங்களுக்கு எதிராகப் பயன்படாது. ஆள் இல்லாத இடத்தில் பலன் குறைவு என்பது உண்மைதான். இருந்தாலும் முதல் கருவியாக எதை வாங்கலாம் என்று கேட்டால் இதைத்தான் சொல்வேன்.

பதிவு 9 | சட்டவாசகன்

இரண்டு குறிப்புகள் மட்டும். முதலாவது, ஓரிடத்தில் சட்டப்படி வாங்கக்கூடிய கருவி இன்னோரிடத்தில் குற்றமாகும். பிரிட்டனில் பெப்பர் ஸ்பிரே 1968-ஆம் ஆண்டுத் துப்பாக்கிச் சட்டத்தின்படி தடைசெய்யப்பட்ட ஆயுதம். பொதுமக்கள் வைத்திருப்பதே தவறு. வேறு பல நாடுகளில் தடையில்லை. பல விமான நிலையங்களில் கைப்பையில் கொண்டுசெல்ல விடமாட்டார்கள். பயணம் செய்பவர்கள் புறப்படும் முன் விசாரித்துக்கொள்ளுங்கள்.

இரண்டாவது, தற்காப்பு உரிமையை ஏற்கும் சட்டங்கள் பொதுவாக மூன்றைப் பார்க்கின்றன: ஆபத்து அப்போதே எதிர்நின்றதா, எதிர்ச்செயல் தேவையாக இருந்ததா, ஆபத்தின் அளவை மீறாமல் இருந்ததா. விழுந்து கிடப்பவனை மீண்டும் மிதிப்பதும், ஓடுகிறவனைத் துரத்திப்போய் அடிப்பதும் அந்த உரிமைக்குள் அடங்காமல் போகக்கூடும். விடுபட்டவுடன் விலகிப்போவதைப் பயிற்சியின் பகுதியாகவே கற்பிக்கும் பயிற்றுநர், தம் மாணவரைச் சட்டச் சிக்கலிலிருந்தும் காக்கிறார்.

பதிவு 10 | பாய்மரம்

அப்படியானால் துப்பாக்கி உரிமம் எளிதாகக் கிடைக்கும் நாடுகளில் வாழ்பவர்கள் பாதுகாப்பாக இருக்கிறார்களா?

பதிவு 11 | எண்கணக்கன்

வீட்டுக்குள் நிகழ்ந்த கொலைகளை வைத்து ஆர்தர் கெல்லர்மன் குழு அமெரிக்காவில் நடத்திய ஆய்வு 1993-இல் வந்தது. துப்பாக்கி இருந்த வீடுகளில் கொலை நேர்வதற்கான வாய்ப்பு, பிற காரணிகளைக் கழித்த பின்னும், ஏறத்தாழ 2.7 மடங்காக இருந்தது. கொன்றவர்கள் பெரும்பாலும் குடும்பத்தினரோ அறிந்தவர்களோதான். ஏற்கனவே ஆபத்தில் இருப்பவர்கள்தாம் துப்பாக்கி வாங்குகிறார்களோ என்ற மறுப்பும் அந்த ஆய்வின்மீது உண்டு. அந்த மறுப்பைக் கணக்கில் கொண்டாலும், வீட்டிலிருக்கும் ஆயுதம் வீட்டிலிருக்கும் எல்லோர் கைக்கும் எட்டும் என்ற உண்மை மாறுவதில்லை. செங்காந்தள் சொன்ன மைத்துனனுக்கும் முன்னாள் காதலனுக்கும் சேர்த்துத்தான்.

பதிவு 12 | நெய்தல்

அனைவருக்கும் நன்றி. மகளோடு உட்கார்ந்து முழு இழையையும் படித்தேன். இரவில் வரும் வழியைப் பற்றி மட்டுமே நான் நினைத்துக்கொண்டிருந்தேன். அவளோ பணியிடத்தில் தன்னோடு இரவில் தனியாக இருக்கப்போகும் மேற்பார்வையாளரைப் பற்றித்தான் முதலில் கேட்டாள். பயிற்சியில் சேர முடிவு செய்துவிட்டோம். நல்ல பயிற்சியை எப்படி அடையாளம் காண்பது?

பதிவு 13 | தடுப்பாட்டம்

முதல் வகுப்பில் உட்கார்ந்து பார்க்க அனுமதி கேளுங்கள். மறுத்தால் அந்த இடம் வேண்டாம். குரல் பயிற்சி உண்டா என்று பாருங்கள்: வயிற்றிலிருந்து எழும் உறுதியான குரலில், "கையை எடுங்கள், இது எனக்குப் பிடிக்கவில்லை" என்று அறிமுகமானவரிடம் சொல்லிப் பழகுவது, புதியவனை அடித்துப் பழகுவதைவிடப் பலருக்கும் கடினமாக இருக்கிறது. முதல் நாளில் பாதிப்பேருக்குக் குரலே எழும்பாது. சிரித்து மழுப்புவார்கள், பிறகு மன்னிப்புக் கேட்பார்கள். நான்காவது வகுப்புக்குள் அதே பெண்கள் அறை அதிரச் சொல்வார்கள். அந்த மேற்பார்வையாளர் வரம்பு மீறத் தொடங்கும் முதல் கணத்தில் உங்கள் மகளுக்குப் பயன்படப்போவது அதுதான்.

தடித்த பாதுகாப்பு உடை அணிந்த ஒருவரோடு முழு விசையில் மோதவிடுகிறார்களா என்பதையும் பாருங்கள். உறைந்துபோகும் நிலையைப் பற்றி வெளிப்படையாகப் பேசுகிறார்களா, பேசினால் அதிலிருந்து மீளச் சிறிய அசைவுகளை, மூச்சை வெளியே விடுவதையோ விரலை அசைப்பதையோ கற்பிக்கிறார்களா என்று கேளுங்கள். ஒரே நாள் வகுப்பில் யாரையும் வீழ்த்தலாம் என்று வாக்களிப்பவரிடம் பணத்தைக் கட்டாதீர்கள். கற்ற பிறகு சில மாதங்களுக்கு ஒருமுறையாவது திரும்பப் பயில ஏற்பாடு இருக்க வேண்டும்.

பதிவு 14 | செங்காந்தள்

மகள் அந்த மேற்பார்வையாளரைப் பற்றி உங்களிடம் சொல்ல முடிந்ததே, அதற்காக மகிழ்கிறேன். பணியில் சேரும் முன்பே, அங்கே புகார் அளிக்க வேண்டிய குழுவோ அதிகாரியோ யார் என்பதை எழுத்தில் கேட்டு வாங்கச் சொல்லுங்கள். எதுவும் நடப்பதற்கு முன் கேட்பது அவளுடைய உரிமை. சிறு அத்துமீறல் நடந்தாலும் தேதி, நேரம், சொன்ன சொற்கள் ஆகியவற்றை அன்றே குறித்து வைக்கட்டும். குறிப்பேட்டை வீட்டில் வைத்துக்கொள்வது நல்லது.

பதிவு 15 | கைவிளக்கு

எவ்வளவு தயாராக இருந்தாலும் சில நேரம் தாக்குதல் நடந்துவிடுகிறது. அதற்குப் பின் என்ன செய்வது என்பதைப் பயிற்சிகளில் யாரும் சொல்லித் தருவதில்லை என்பதால் எழுதுகிறேன். பாலியல் தாக்குதலுக்கு ஆளானவர், முடிந்தால் குளிக்காமல், உடையைத் துவைக்காமல் மருத்துவமனைக்கு வர வேண்டும்; ஆடையைக் காகிதப் பையில் எடுத்து வருவது நல்லது, ஏனெனில் பிளாஸ்டிக் பையில் ஈரம் தங்கித் தடயம் கெட்டுவிடும். குளித்துவிட்டிருந்தாலும் வரலாம், வர வேண்டும். எச்ஐவி தொற்றைத் தடுக்கும் மருந்தை 72 மணி நேரத்துக்குள், எவ்வளவு சீக்கிரம் முடியுமோ அவ்வளவு சீக்கிரம் தொடங்கியாக வேண்டும். கருத்தரிப்பைத் தவிர்க்கும் அவசர மாத்திரையை ஐந்து நாள் வரை தரலாம் என்றாலும் முதல் நாளில் அதன் பலன் மிகுதி. கழுத்தை நெரித்திருந்தால், வெளியே ஒரு சிறு தழும்புகூட இல்லாவிட்டாலும், உள்ளே இரத்தக்குழாய் சிதைந்திருக்கலாம் என்பதால் அன்றே மருத்துவரிடம் காட்ட வேண்டும். குரல் மாற்றம், விழுங்குவதில் வலி, கண்ணில் செந்நிறப் புள்ளிகள் ஆகியவற்றை மறக்காமல் சொல்லுங்கள். நெய்தல் அம்மா, இதையும் மகளுக்குப் படித்துக் காட்டிவிடுங்கள்.